அளந்து அனுப்பிய வீடு

டோக்கியோ
14 ஒக்டோபர் 2002

அன்புள்ள யோசெப்பினுக்கு,

போன ஞாயிறு போனில் நாங்கள் பேசியதைவிட, அழைப்பு அட்டையில் இன்னும் எத்தனை நிமிடம் மிச்சம் என்று அந்தப் பெண்குரல் சொன்னதுதான் கூட. ஆகவே எழுதுகிறேன். எழுதினால் நீர் குறுக்கே பேச முடியாது என்பதும் ஒரு வசதி. கோபிக்காதேயும்.

செய்தி இதுதான். அடுத்த படத்துக்கு என்னை முழுப் பொறுப்பாகப் போட்டிருக்கிறார்கள். புரொடக்சன் டிசைனர். நடிகர்களைத் தவிரப் படத்தில் கண்ணுக்குத் தெரிகிற எல்லாம் இனி என் தலையில். வீடு, தெரு, கதவுப்பிடி, கோப்பையில் இருக்கிற கீறல் வரைக்கும். பதின்மூன்று வருடத்துக்கு முன் மொழி படிக்க என்று வந்து, ஸ்ரூடியோவில் பலகை சுமந்தவன் நான். பிறகு சாயம் அடித்தேன். பிறகு பூதப் படங்களுக்கு முழங்கால் உயரத்தில் நகரங்கள் கட்டினேன், ஒவ்வொரு யன்னலுக்கும் திரைச்சீலையோடு. இரண்டு மாதம் கட்டியதை, பூதச் சட்டை போட்ட மனிசன் நாலு நிமிடத்தில் மிதித்துவிட்டுப் போவான். இப்போது இங்கே பேய்ப் படங்களின் காலம். பூதத்துக்கு நகரம் வேண்டும், பேய்க்கு ஒரு வீடு போதும்.

என்னை ஸ்பொன்சர் செய்து நீர் போட்ட விண்ணப்பத்துக்குக் கனடாத் தூதரகத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது. மருத்துவப் பரிசோதனைக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். அது முடிந்தால் விசாதான்.

ஒரு உதவி. நீரும் லக்சனாவும் இருக்கிற வீட்டை எனக்கு வடிவாக அளந்து எழுதும். வந்து இறங்குகிற அன்று, எது எங்கே என்று கேட்டுக்கொண்டு விருந்தாளி மாதிரி நிற்க எனக்கு விருப்பமில்லை. கடைசியாக ஊருக்கு வந்து போன பிறகு ஆறு வருடமாகப் பிள்ளையைக் காணாதவன் வீட்டையாவது தெரிந்துகொண்டு வரவேண்டும். படங்களும் எடுத்து அனுப்பும்.

அல்பேட்


மொன்ட்ரியால்-நோர்
10 நவம்பர் 2002

அன்பின் லக்சனா அப்பாவுக்கு,

பெண் பார்க்க வந்தபோதுகூட உங்கள் வீட்டார் இவ்வளவு கேள்வி கேட்கவில்லை. என்றாலும் உங்கள் கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன். வேலைத்தலத்திலிருந்து தையல் நாடாவைக் கொண்டுவந்து, சனிக்கிழமை முழுவதும் நானும் பிள்ளையும் முட்டுக்காலில் நின்று அளந்தோம். கீழ்வீட்டுப் பிலோமினம்மா வந்து பார்த்துவிட்டு, "என்ன பிள்ளை, வீட்டுக்குச் சட்டை தைக்கப் போறீரோ?" என்று கேட்டா.

மூன்றாம் மாடி. ஏணிப்படி வெளியில் இருக்கிறது, இரும்பு, வளைந்து ஏறும், பனி விழுந்தால் கைபிடியை விடக்கூடாது. கதவைத் திறந்தால் நடை, பதினொரு அடி. வலப்பக்கம் குசினி. அதன் தரையில் நான் அயன்பெட்டியால் சுட்ட அடையாளம் ஒன்று இருக்கிறது, அதையும் அளந்திருக்கிறேன், சிரிக்க வேண்டாம். சுவரோரம் வெந்நீர்க் குழாய், குளிர் தொடங்கினால் இருமும். பின்னால் படுக்கையறை ஒன்றுதான். பெரிய கட்டில், பிள்ளையின் சின்னக் கட்டில், அலுமாரி. அலுமாரியில் இடப்பக்கம் முழுவதும் வெறுமையாக வைத்திருக்கிறேன். அது உங்களுக்கு. பிலோமினம்மா தன் குளிர் உடுப்புகளை அதில் வைக்கக் கேட்டா. இல்லை அம்மா, ஆள் வருகுது என்று சொல்லிவிட்டேன்.

முப்பத்தாறு படமும் எடுத்து வைத்திருக்கிறேன். லக்சனா ஒவ்வொன்றுக்குள்ளும் வந்து நிற்கப் பார்த்தாள். அப்பாவுக்குச் சுவர் தெரியாது, தள்ளி நில் என்று ஏசித்தான் எடுத்தேன். உங்களுக்கு ஒரு முத்தம் எழுதச் சொல்கிறாள். எழுதிவிட்டேன்.

யோசெப்பின்


டோக்கியோ
2 பெப்ரவரி 2003

அன்புள்ள யோசெப்பினுக்கு,

விசா வந்துவிட்டது. செப்டெம்பர் 30க்குள் மொன்ட்ரியாலில் வந்து இறங்க வேண்டும், தவறினால் செல்லாது. படப்பிடிப்பு யூனில் முடியும். ஓகஸ்ட் 15, மடு மாதா திருநாளுக்கு அங்கே நிற்பேன். டிக்கெட்டுக்குச் சொல்லிவிட்டேன்.

உம்முடைய அளவுகளைப் பார்த்து எங்கள் தச்சர்மார் அசந்துபோனார்கள். இங்கே மரம் அளக்கிற அடி எங்கள் அடிக்குக் கிட்டத்தட்ட ஒன்றுதான், ஆகவே ஒன்றையும் மாற்றத் தேவையில்லை. இன்னும் சில கேள்விகள் இருக்கின்றன. பின்னேரம் நாலு மணிக்குக் குசினிக்குள் வெளிச்சம் எதுவரைக்கும் வருகிறது? அலுமாரிக் கதவு திறக்கும்போது சத்தம் போடுமா? நீர் கட்டிலில் எந்தப் பக்கம் படுக்கிறீர்? குசினியில் இருக்கிற இழுப்பு லாச்சிகளில் இரண்டாவதற்குள் என்ன வைத்திருக்கிறீர்? லாச்சியைப் படம் எடுக்காவிட்டாலும் அதற்குள் சாமான் இருக்க வேண்டும், திறக்கிற கைக்கு அது தெரியும் என்பது என் நம்பிக்கை.

அல்பேட்


மொன்ட்ரியால்-நோர்
20 யூன் 2003

அன்பின் லக்சனா அப்பாவுக்கு,

நாலு மணிக்கு வெளிச்சம் மேசைக் கால்வரை வரும். மாரியில் வராது. அலுமாரிக் கதவு கீச்சிடும். நான் யன்னல் பக்கம் படுப்பேன், சுவர்ப் பக்கம் உங்களுக்கு. லாச்சியில் மெழுகுதிரி, செபமாலை, தெருமுனை டெப்பனர் கடைச் சிட்டைகள், உங்கள் கடிதங்கள். இதெல்லாம் தச்சர்மாருக்கு எதற்கு என்று விளங்கவில்லை. நீங்கள் பெருமைக்குக் காட்டியிருப்பீர்கள் என்று விட்டுவிட்டேன்.

உங்களுக்கு ஒரு கம்பளி மேலங்கி வாங்கிவிட்டேன். வேலையும் பார்த்தாயிற்று. பிலோமினம்மாவின் மகன் பற்றிக் வேலைசெய்கிற இடத்தில் குசினி அலுமாரிகள் செய்கிறார்கள். மரவேலை தெரிந்த ஆள் என்றால் நாளைக்கே வரட்டும் என்று முதலாளி சொல்கிறாராம். பிரெஞ்சு தெரியாவிட்டாலும் பரவாயில்லை, மரத்துக்குப் பாஷை இல்லை என்று பற்றிக் பகிடி விடுகிறான். எனக்கு நெஞ்சு குளிர்ந்துபோயிற்று.

லக்சனா வகுப்பில் எல்லாரிடமும் அப்பா வருகிறார் என்று சொல்லிவிட்டாள். இன்னும் ஐம்பத்தாறு நாள்.

யோசெப்பின்


டோக்கியோ
28 செப்டெம்பர் 2003

யோசெப்பின்,

ஓகஸ்டில் வரமுடியாமல் போனதற்கு நான் போனில் சொன்ன காரணம் உண்மைதான். சில காட்சிகளைத் திரும்ப எடுத்தார்கள். செப்டெம்பருக்கு அந்தக் காரணம் இல்லை. பதினெட்டாம் தேதிக்கு டிக்கெட் எடுத்தேன். பதினாறாம் தேதி திருப்பிக் கொடுத்தேன். ஒரு புதுப்படம் வந்தது என்பதும் உண்மை. ஆனால் அதற்காகத்தான் கொடுத்தேனா என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது.

இன்னும் இரண்டு நாளில் விசா செத்துவிடும். திரும்பவும் விண்ணப்பிக்கலாம். நான் விண்ணப்பிப்பேன். பிள்ளைக்கு என்ன சொல்வீரோ தெரியவில்லை. என்னை ஏசியே சொல்லும்.

அல்பேட்


மொன்ட்ரியால்-நோர்
1 ஓகஸ்ட் 2004

அல்பேட்டுக்கு,

பத்து மாதம் நான் எழுதவில்லை. இப்போதும் எழுதியிருக்கமாட்டேன்.

இந்த நகரத்தில் ஒவ்வொரு யூலையிலும் பேய்ப் படங்களும் பூதப் படங்களும் போட்டு ஒரு விழா நடத்துவார்கள். பற்றிக்குக்கு அதில் பைத்தியம். போன கிழமை ஓடிவந்து, "அக்கா, படம் முடியிற இடத்திலை அத்தான்ர பேர் இங்கிலிசிலை போகுது" என்றான். உங்கள் மேல் எவ்வளவு கோபம் இருந்தும், எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. சேலை உடுத்தேன். லக்சனாவுக்கு வெள்ளைச் சட்டை போட்டேன். பிலோமினம்மாவையும் கூட்டிக்கொண்டு ஞாயிறு பகல் காட்சிக்குப் போனோம். எங்களைச் சுற்றிலும் கறுத்த பெனியன் போட்ட பொடியன்கள். சேலையோடு போன ஆட்கள் நாங்கள் மட்டும்தான்.

படம் தொடங்கி ஐந்து நிமிடமில்லை. ஒரு இரும்பு ஏணிப்படி வளைந்து ஏறியது. நடை. வலப்பக்கம் குசினி. தரையில் சுட்ட அடையாளம். லக்சனா எழும்பி நின்று, "அம்மா, எங்கட வீடு" என்று சத்தமாகச் சொன்னாள். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

படத்தில் ஒரு யப்பானியப் பெண் குளிர்நாட்டில் புருசனுக்காகக் காத்திருக்கிறாள். அவன் எப்போதோ செத்துவிட்டான், அவளுக்குத் தெரியாது. அவன் ஒவ்வொரு நாளும் வந்து நிற்கிற இடம் எது என்று உங்களுக்கு நான் எழுதத் தேவையில்லை. அலுமாரிக் கதவு கீச்சிட்டது. இடப்பக்கம். நான் உங்களுக்கென்று ஒதுக்கி வைத்திருந்த இடத்தில் ஒரு பிணத்தைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தீர்கள். பொடியன்கள் விசிலடித்துக் கைதட்டினார்கள். பிள்ளை என் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

நான் முட்டுக்காலில் நின்று அளந்தது இதற்குத்தானா? எந்தப் பக்கம் படுக்கிறேன் என்று ஒரு மனிசன் பெண்சாதியிடம் கேட்டால், அவள் என்ன நினைப்பாள்? ஆசையில் கேட்கிறார் என்று நினைத்த விசரி நான். கோபமில்லை என்று பொய் எழுதமாட்டேன். பற்றி எரிகிறது.

லக்சனா இப்போது அந்த அறைக்குள் போகிறாள் இல்லை. குசினித் தரையில் பாய் போட்டுப் படுக்கிறோம். வேறு வீடு பார்த்துவிட்டேன், மாத முடிவில் போகிறோம். விலாசம் தரமாட்டேன். செத்துப்போனீர்கள் என்றால் மட்டும் பிலோமினம்மாவுக்கு அறிவியுங்கள்.

யோசெப்பின்


டோக்கியோ
5 செப்டெம்பர் 2004

அன்புள்ள யோசெப்பினுக்கு,

இதைப் பிலோமினம்மாவின் பெயருக்கு அனுப்புகிறேன். அவ தருவா என்று நம்புகிறேன்.

உம்மிடம் முதல் முதல் வீட்டை அளக்கச் சொல்லி எழுதியபோது, அந்தப் படத்தின் கதை என் மேசையில் இருந்ததா? இருந்தது. இயக்குநர் அதைத் தந்து, காத்திருக்கிற வீடு ஒன்று வேண்டும் என்று சொன்னார். எனக்குத் தெரிந்த காத்திருக்கிற வீடு ஒன்றுதான். வருகிற ஆசையும் இருந்தது, அதுவும் பொய்யில்லை. இரண்டையும் ஒரே கடிதத்தில் போட்டேன். உமக்கு ஒன்றை மட்டும் சொன்னேன். அது களவு.

பேய்ப் படம் தொடங்குமுன் இங்கே கோயில் பூசகரைக் கூப்பிட்டு, செட்டின் வாசலில் உப்புக் குவித்து வைத்துக் கும்பிடுவார்கள். எல்லாரும் வரிசையில் நின்று தலை குனிந்தோம். நான் சிலுவை போட்டுக்கொண்டேன், உம்முடைய வாசலில் நிற்கிறேன் என்ற நினைப்பில். அந்த வீடு நாற்பத்தொரு நாள் நின்றது. மத்தியானம் மற்றவர்கள் கன்ரீனுக்குப் போவார்கள், நான் சோற்றுப் பெட்டியோடு உம்முடைய குசினிக்குள் போவேன். மேசையில் இருந்து சாப்பிட்டுவிட்டு, எழும்பி லாச்சியைத் திறப்பேன், மெழுகுதிரியைத் தொட்டுப் பார்ப்பேன். ஒருநாள் சுவர்ப் பக்கமாகக் கட்டிலில் படுத்தும் பார்த்தேன். சந்தோசமாக இருந்தேன் யோசெப்பின். அதுதான் வெட்கம். அந்த வீட்டில் யாரும் என்னைப் பார்த்து, ஏன் இவ்வளவு நாளும் வரவில்லை என்று கேட்கவில்லை.

கடைசிக் காட்சி முடிந்த கையோடு இடித்தார்கள். அடுத்த படத்துக்கு இடம் வேண்டும், இரண்டு மணித்தியால வேலை. அதன் பிறகு டிக்கெட்டைப் பார்த்தால், நான் ஏற்கெனவே போய் இருந்துவிட்டு வந்த மாதிரி இருந்தது. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். குசினி அலுமாரி செய்கிற வேலை என்று நீர் எழுதியபோது எனக்குள் ஏதோ படுத்துவிட்டது. பலகை சுமந்தவன் பதின்மூன்று வருடம் பட்டு இங்கே ஒரு பெயர் எடுத்தேன். அங்கே வந்து திரும்பவும் பலகை சுமக்க வேண்டுமா என்று நினைத்தேன். உமக்கும் பிள்ளைக்கும் முன்னால் அதை நினைத்தேன். இதைவிட உண்மை என்னிடம் இல்லை.

மன்னிக்கச் சொல்லவில்லை. ஒன்றே ஒன்று கேட்கிறேன். புது வீட்டில் குசினி யன்னல் எந்தப் பக்கம் பார்க்கிறது?

அல்பேட்


மொன்ட்ரியால்
3 ஒக்டோபர் 2004

அல்பேட்டுக்கு,

யன்னல் எந்தப் பக்கம் என்று கேட்கிறீர்களே, பிள்ளை எத்தனையாம் வகுப்பு என்று இந்த இரண்டு வருடத்தில் ஒரு கடிதத்திலாவது கேட்டீர்களா? எடுத்து வைத்திருக்கிறேன், திரும்ப வாசித்துப் பார்த்தேன். கேட்கவில்லை.

யோசெப்பின்


மொன்ட்ரியால்-நோர்
8 மார்ச் 2006

அன்புள்ள யோசெப்பினுக்கு,

மேலே எழுதியிருக்கிற ஊரைப் பார்த்துத் திடுக்கிடாதேயும். நான் வந்துவிட்டேன். சுற்றுலா விசா, பதினான்கு நாள், இன்று நாலாவது. பற்றிக்கின் அறையில் தங்கியிருக்கிறேன். உங்கள் விலாசத்தைப் பிலோமினம்மாவிடம் கேட்டேன். "சத்தியம் பண்ணிக் குடுத்திட்டன் தம்பி, கடிதமெண்டா குடுக்கிறன்" என்று சொல்லிவிட்டா. எனக்கு அவமேல் கோபமில்லை.

உம்முடைய கடைசிக் கடிதம் நாலே வரி. ஒன்றரை வருடம் அதைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வேலைசெய்தேன். இந்த மாரிக்கு அங்கே ஒரு கோட்டை கட்டிக்கொண்டிருந்தோம், சாமுராய்ப் பேய்கள் வருகிற பெரிய படம். ஒருநாள் வாசல் கதவுக்குப் பழமை ஏற்றத் தேயிலைச் சாயம் பூசிக்கொண்டிருக்கும்போது என் கை நின்றுவிட்டது. தூரிகையை உதவியாளரிடம் கொடுத்தேன். முழுப் படத்தையுமே அவரிடம் கொடுத்துவிட்டு வந்தேன். இனி அந்த ஸ்ரூடியோவில் என்னைக் கூப்பிடமாட்டார்கள், பாதியில் விட்டவனுக்கு அங்கே இரண்டாம் தரம் இல்லை.

நேற்று நீங்கள் இருந்த வீட்டுக்குப் போனேன். இப்போது ஹெயிட்டிக் குடும்பம் ஒன்று இருக்கிறது. கதவைத் தட்டி, பற்றிக் சொல்லித் தந்த பிரெஞ்சில் ஏதோ உளறினேன். அந்த அம்மா இரக்கப்பட்டு உள்ளே விட்டா. உம்முடைய அளவு ஒரு அங்குலம்கூடப் பிழைக்கவில்லை. நான் கட்டியது அப்படியே நின்றது. ஆனால் அவர்கள் குசினியில் மூன்று பிள்ளைகள் கத்திக்கொண்டு சாப்பிட்டார்கள், குழாய் இருமியது, யன்னல் கண்ணாடி முழுக்க ஆவி. இதொன்றும் என் செட்டில் இருக்கவில்லை. நான் அழுதேன். அந்த அம்மா எனக்கு ஒரு கோப்பை கோப்பி தந்தா.

பிறகு பற்றிக்கின் முதலாளியிடம் போனேன். ஒரு அலுமாரிக் கதவு செய்து காட்டினேன். அவர் அதைத் திறந்து மூடித் திறந்து பார்த்துவிட்டு, முறைப்படி பத்திரம் எடுத்துக்கொண்டு வந்தால் வேலை தருவேன் என்றார். எனக்கு அது போதும். நீர் சம்மதித்தால் திரும்பவும் விண்ணப்பிப்போம். சம்மதிக்காவிட்டால் உங்கள் இருவரையும் ஒருதரம் கண்ணால் பார்த்துவிட்டுப் போகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பூசைக்கு வருவேன். மாதா சுரூபப் பக்கம், மூன்றாவது வரிசை வாங்கில் இருப்பேன்.

அல்பேட்


மொன்ட்ரியால்
12 மார்ச் 2006

அன்பின் லக்சனா அப்பாவுக்கு,

பூசைக்கு வந்தோம். இன்று காலை ஆறு மணிக்கு எழும்பி உங்களுக்கென்று கணவாய்க் கறி வைத்தேன். புட்டும் அவித்தேன். எல்லாவற்றையும் மூடி மேசையில் வைத்துவிட்டு வந்தேன். உங்களை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போவது என்று சனிக்கிழமையே முடிவெடுத்துவிட்டேன். அதை முதலில் எழுதிவிடுகிறேன், நான் உங்களைச் சோதித்துப் பார்க்க வந்தேன் என்று நீங்கள் நினைக்கக்கூடாது.

நாங்கள் வரும்போது பூசை தொடங்கிவிட்டது. உங்கள் முதுகைக் கண்டேன். தலை நரைத்துவிட்டது. நான் பின்னால் ஒரு வாங்கில் இருந்துவிட்டேன். லக்சனாதான் என் காதுக்குள், "நான் போய்ப் பக்கத்திலை இருக்கிறன் அம்மா. அவர் கண்டுபிடிப்பார், பாருங்கோ" என்றாள். அவளுக்கு அவ்வளவு நிச்சயம். அப்பா ஒரு லாச்சிக்குள் கிடக்கிற சாமானைக்கூட மறக்காத ஆள் என்று நான்தான் சொல்லி வளர்த்தேன். அந்தப் படம் பார்த்து அழுத பிறகும் சொன்னேன்.

நீங்கள் கொஞ்சம் தள்ளி அவளுக்கு இடம் விட்டீர்கள். முக்கால் மணித்தியாலம் பக்கத்தில் இருந்தாள். முன்பு உங்களுக்கு அனுப்பிய முதல் நன்மைப் படத்தில் இருக்கிற இரட்டைப் பின்னலை அவள் போன வருடமே வெட்டிவிட்டாள். என் தோளுக்கு வளர்ந்துவிட்டாள், கண்ணாடியும் போட்டிருக்கிறாள். நீங்கள் இரண்டு தரம் வாசலைத் திரும்பிப் பார்த்தீர்கள், எங்களைத் தேடித்தான். சமாதானம் சொல்லுகிற நேரம் அவள் உங்கள் பக்கம் திரும்பிக் கை நீட்டினாள். நீங்கள் அந்தக் கையைப் பிடித்தீர்கள். அவள் முகத்தைப் பார்த்தீர்கள். "மேர்சி" என்று பிரெஞ்சில் நன்றி சொல்லிவிட்டு அடுத்த வாங்கு ஆளுக்குக் கை கொடுக்கத் திரும்பினீர்கள்.

நான் கூப்பிட்டிருக்கலாம். எழும்பி வந்து, இதுதான் உங்கள் பிள்ளை என்று சொல்லியிருக்கலாம். அவள் பக்கக் கதவால் வெளியே ஓடிவிட்டாள், நான் பின்னால் ஓடினேன். பனிக்குள் அவளைப் பிடித்துக்கொண்டு நிற்கும்போது, நீங்கள் பெரிய வாசலில் நின்று ஒவ்வொரு குடும்பமாகப் பார்த்துக்கொண்டிருந்தது எனக்குத் தெரிந்தது. வா, அப்பாவிடம் போவோம் என்று கெஞ்சினேன். அவள் மாட்டேன் என்றாள். பதினொரு வயதுப் பிள்ளையை நான் இழுத்துக்கொண்டு வரவில்லை.

வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றும்போது கேட்டாள். "அவருக்கு என்னைத் தெரியேல்லையோ, இல்லாட்டித் தெரிஞ்சும் தெரியாத மாதிரி இருந்தவரோ?"

தெரியவில்லை என்று சொன்னால் அவளுக்கு நோகும். தெரிந்தும் இருந்தார் என்றால் அதைவிட நோகும். அந்தக் கேள்விக்கு நீங்கள்தான் பதில் சொல்லவேண்டும். ஆகவே கடித உறையின் பின்பக்கம் எங்கள் ரொக்ஸ்பரோ விலாசத்தை எழுதியிருக்கிறேன். வரவேண்டாம், இப்போது வரவேண்டாம். எனக்கும் எழுதவேண்டாம். அவளுக்கு எழுதுங்கள். தமிழ் வாசிப்பாள், ஆனால் எழுத்துக் கூட்டித்தான் வாசிப்பாள், ஆகவே சின்ன வசனமாக எழுதுங்கள்.

யோசெப்பின்